இணையமும் நம் அயலும்

(முன்னேஸ்வரத்தில் நடைபெற்ற இந்து வாலிபர் சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



நமது சங்கத்தின் ஆண்டு விழாவிலே "இணையமும் நம் அயலும்" என்னும் பொருள்பற்றிச் சில வார்த்தைகள் பேசுமாறு காரியதரிசி அவர்கள் என்னைக் கேட்டுக்கொண்டார்கள். இணையம் என்ற சொல்லைக் கேட்டவுடனே இச்சபையில் இருவகை முகக்குறிகள் தோன்றுவதைக் காண்கின்றேன். முன்வரிசையில் அமர்ந்திருக்கும் பெரியவர்கள், பிள்ளைகளைக் கெடுக்க வந்த பிசாசு ஒன்றை இன்று நன்றாக ஓட்டப்போகின்றார்கள் என்று மகிழ்கின்றார்கள். பின்வரிசையில் நிற்கும் வாலிபர்களோ, இன்னுமொரு முறை ஏச்சு வாங்கப்போகின்றோம் என்றெண்ணித் தத்தம் கையிலுள்ள தொலைபேசியை நோக்கிக் குனிந்துகொள்கின்றார்கள். இரு சாராரும் சற்று ஏமாறத்தான் வேண்டும். இணையத்தை ஏசவும் நான் வரவில்லை. அதற்குத் துதி பாடவும் வரவில்லை. அது நம் உறவையும், நாம் இன்னார் என்று நம்மைப்பற்றி நாமே கொள்ளும் எண்ணத்தையும், அயலாரோடு நாம் பேசும் பேச்சையும் எவ்வாறு மாற்றியிருக்கின்றது என்பதையே உங்களோடு சேர்ந்து ஆராய விரும்புகின்றேன்.

முதலில் உறவை எடுத்துக்கொள்வோம். நம் பெரியோர் தம் இளமைக் காலத்தைச் சற்றே நினைத்துப் பார்க்கட்டும். அக்காலத்திலே தபாற்காரர் வரும் வழியைப் பார்த்து வாசலில் காத்திருந்தார்கள். நலம், நலமறிய ஆவல் என்று தொடங்கும் கடிதத்தை வீட்டில் எழுத்தறிந்த ஒருவர் வாசிக்க, மற்றவரெல்லாம் சுற்றியிருந்து கேட்டார்கள். தந்தி வந்தாலோ, அதைப் பிரிப்பதற்கு முன்பே அழுகை தொடங்கிவிடும். பின்னர் நம் நாட்டவர் மத்திய கிழக்கு நாடுகளுக்குத் தொழில் தேடிச் செல்லலாயினர். அவர்கள் தம் குரலை ஒலிநாடாவிலே பதிந்து, ஊருக்கு வருபவர் கையிற் கொடுத்தனுப்பினார்கள். அதன் பிறகு 'கொமியூனிகேஷன்' கடைகளிலே வரிசையாக நின்று, நிமிஷத்துக்கு இவ்வளவு என்று காசு கொடுத்து, பாதிப் பேச்சிலே லைன் அறுந்துபோக, மீதியை மனத்திலே வைத்துக்கொண்டு வீடு திரும்பிய காலம் வந்தது. இலங்கையில் 1995ஆம் ஆண்டளவிற் பொதுமக்களுக்குக் கிடைக்கத் தொடங்கிய இணையம், இன்று நாட்கூலிக்குச் செல்பவரின் சட்டைப் பையிலும் இருக்கின்றது.

இதனால் விளைந்த நன்மை சிறிதன்று. நம் கரையோரத்து வென்னப்புவ, மாரவில முதலிய ஊர்களிலிருந்து இத்தாலி சென்று உழைப்போர் பலர். அதனால் அப்பகுதியைச் 'சின்ன இத்தாலி' என்றே சொல்லுகின்றார்கள். புத்தளம் மாவட்டத்திலிருந்து வீட்டுப் பணிக்காகச் சவூதி அரேபியா, குவைத் முதலிய நாடுகளுக்குச் சென்ற தாய்மாரும் பலர். முற்காலத்தில் இரண்டு வருஷம் கழித்துத் திரும்பி வரும் தாயைப் பார்த்துக் குழந்தை பயந்து பாட்டியின் சேலைக்குள் ஒளிந்துகொள்ளும். இன்று அந்தத் தாய் தன் பிள்ளைக்கு முதற் பல் விழுந்ததை அன்றைக்கே காண்கின்றாள். 2020ஆம் ஆண்டில் கொரோனாத் தொற்றுக் காரணமாகப் பாடசாலைகள் மூடப்பட்டபோது, பாடங்கள் கைத்தொலைபேசி வழியே வந்தன. மரண வீட்டுக்குப் போக இயலாதவர்கள் தொலைவிலிருந்தாயினும் பார்த்து அழுது மனந்தேறினார்கள். இவற்றையெல்லாம் மறந்துவிட்டு இணையத்தை ஏசுவது நன்றிகெட்ட செயலாகும்.

எனினும், முகங் காண்பது வேறு. மனங் காண்பது வேறு. குவைத்திலிருக்கும் தாய், "சாப்பிட்டாயா, மகன்?" என்று கேட்கின்றாள். மகன் "ஓம்" என்கின்றான். அழைப்பு முடிந்ததும் தொடரவேண்டிய விளையாட்டிலே அவன் மனம் இருக்கின்றது. தாயும் அடுப்பிற் சுட்டுக்கொண்ட கையைப் படத்தில் விழாமல் மறைத்துக்கொண்டு சிரிக்கின்றாள். நாள்தோறும் பேசுகின்றார்கள்; ஆயினும் சொல்லவேண்டியதை இருவருமே சொல்வதில்லை. கடிதம் எழுதியவர் ஒரு மணிநேரமாவது மற்றொருவரை மட்டும் நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அந்த ஒரு மணிநேரந்தான் கடிதத்தின் பெறுமதி. இன்றைய அழைப்புக்குக் காசு குறைவு. ஆனால் அதற்கு நாம் கொடுக்கும் மனமும் குறைந்துவிட்டால், தூரத்தைக் கடந்து பெற்ற பயன் என்ன?

பொறுமையும் அப்படித்தான். பதினைந்து நாள் கடிதத்துக்குக் காத்திருந்தவர்கள் கோபிக்கவில்லை. இன்று வாட்ஸ்அப்பிலே இரண்டு நீலக்குறி தோன்றிய பின் பதினைந்து நிமிஷம் பதில் வராவிட்டால், "வாசித்துவிட்டும் பேசாமல் இருக்கிறான்" என்று நட்பு முறிகின்றது. அந்த நண்பன் பஸ்ஸிலே தொங்கிக்கொண்டு போகின்றானோ, சுகமில்லாத தகப்பனுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருக்கின்றானோ, நீலக்குறி சொல்லாது.

நிற்க. இனி நாம் இன்னார் என்னும் எண்ணத்துக்கு வருவோம். இந்த ஊரிலே ஒரு வாலிபன் ஒருவனாக மட்டும் இருப்பதில்லை. வீட்டிலே மகன், வகுப்பிலே மாணவன், கோயிலிலே தொண்டன், மைதானத்திலே பந்துவீச்சாளன், கடைத்தெருவிலே சிங்களம் பேசுபவன். அவனைச் சிங்கள நண்பன் 'மச்சான்' என்று அழைக்கின்றான். அவனும் திருப்பி 'மச்சான்' என்றே அழைக்கின்றான். அந்தச் சொல் யாருடையது என்று இருவரும் வழக்காடுவதில்லை. நம் முன்னேஸ்வரத்துத் திருவிழாவுக்கு வரும் கூட்டத்தைப் பாருங்கள். பூசைத் தட்டு ஏந்தி வருவோரிலே தமிழர் எத்தனை பேர், சிங்களவர் எத்தனை பேர் என்று பிரித்தறிவது எளிதன்று. தெதுரு ஓயாவிலே தீர்த்தம் நிகழும்போது, கரையில் நிற்பவர்களின் மொழியை ஆறு கேட்பதில்லை.

இக்கரையின் வரலாறும் அத்தகையதே. நீர்கொழும்பு தொட்டுச் சிலாபம் வரையுள்ள கரையோரத்திலே சில தலைமுறைகளுக்கு முன்பு வீட்டில் தமிழ் பேசிய குடும்பங்கள் பல, பாடசாலை வழியாகவும் பிற வழியாகவும் இன்று சிங்களம் பேசுங் குடும்பங்களாக மாறியிருக்கின்றன. வடக்கே உடப்பூர் மக்கள் தமிழையும், திரௌபதை அம்மன் கோயிலையும், தீமிதிப்பையும் விடாது காத்து வருகின்றார்கள். தமிழ் பேசும் இந்துக்கள், தமிழ் பேசும் கத்தோலிக்கர், தமிழ் பேசும் முஸ்லிம்கள், சிங்களம் பேசும் பௌத்தர், சிங்களம் பேசும் கத்தோலிக்கர் என்று இங்கே மொழியின் எல்லையும் மதத்தின் எல்லையும் ஒன்றையொன்று வெட்டிக்கொண்டு செல்கின்றன. இப்படிப்பட்ட ஊரிலே ஒரு மனிதனை ஒரு பெயருக்குள் அடைக்க முடியாது.

இணையம் நமக்கு இவ்விஷயத்தில் ஒரு பெரிய உதவி செய்திருக்கின்றது. சிங்களம் பெருவழக்காயுள்ள சூழலிலே வாழும் தமிழ்ப் பிள்ளை ஒன்று, யாழ்ப்பாணத்துத் தமிழையும், மட்டக்களப்புத் தமிழையும், சென்னைத் தமிழையும், கனடாவிலுள்ள உறவினர் தமிழையும் ஒரே நாளிற் கேட்கலாம். நாம் மிகச் சிலர் என்று தனித்திருந்த மனம், நாம் பலர் என்று நிமிர்கின்றது. இது நல்லதே.

ஆனால் அதே கருவி வேறொரு வேலையையும் செய்கின்றது. நாம் எதைத் தொட்டுப் பார்த்தோம், எதற்குக் கோபித்தோம் என்பதைக் குறித்துவைத்துக்கொண்டு, அத்தகையவற்றையே மேன்மேலும் நம் கண்முன் கொண்டுவந்து குவிக்கின்றது. 2018ஆம் ஆண்டு ஜனவரியில் முகநூல் நிறுவனம், நண்பரும் உறவினரும் கூடிப் பேசும் பதிவுகளுக்கு முதலிடம் கொடுக்கப்போவதாகச் சொல்லித் தன் கணக்குமுறையை மாற்றியது. நோக்கம் நல்லதாகவே தோன்றியது. ஆனால் மனிதர் அதிகமாகக் கூடிப் பேசுவது சண்டை நடக்கும் இடத்திலேயல்லவா? கோபத்தை மூட்டும் பதிவுகளே மேலே வரலாயின என்று அந்நிறுவனத்தின் ஊழியர்களே எச்சரித்திருந்ததை, 2021இல் வெளியான அதன் உள் ஆவணங்கள் காட்டின. ஆகவே, தூரத்திலுள்ள தன் இனத்தவரோடு நாள் முழுதும் பேசிக்கொண்டிருக்கும் ஒருவன், வேலிக்கு அப்பால் இருக்கும் மனிதனைத் திரையிலே மட்டும் காண்கின்றான். அங்கே அந்த மனிதனுக்குப் பெயரில்லை, முகமில்லை. 'அவர்கள்' என்ற ஒரு சொல் மட்டுமே இருக்கின்றது. தூரம் அயலாயிற்று, அயல் தூரமாயிற்று. இதனால் உண்டாகும் அபாயத்துக்கு மூன்று நிகழ்ச்சிகளைச் சான்றாகச் சொல்லுகின்றேன்.

முதலாவது, 2018ஆம் ஆண்டு பெப்ரவரி 26ஆம் திகதி இரவு அம்பாறைப் பட்டினத்திலே நிகழ்ந்தது. முஸ்லிம் ஒருவரின் உணவுக்கடையிலே உண்ண வந்த சிங்களவர் ஒருவர் தம் உணவிலே ஒரு கட்டியைக் கண்டார். பிள்ளைப்பேற்றைத் தடுக்கும் மாத்திரையைச் சேர்த்திருக்கின்றார்கள் என்று கூச்சலிட்டார். கூட்டம் கூடிவிட்டது. காசுமேசையில் இருந்தவர் தமிழ் பேசுபவர். சிங்களம் அவருக்குச் சரியாக வராது. கேட்ட கேள்வி இன்னதென்று விளங்காமல், மாவைப்பற்றிக் கேட்கின்றார்கள் என்று நினைத்தோ, அச்சத்தினாலோ, ஆம், போட்டோம் என்று பொருள்படும் விடையைச் சொல்லிவிட்டார். அது ஒளிப்பதிவாகி முகநூலில் நாடெங்கும் பரவியது. கடையும் பள்ளிவாசலும் தாக்கப்பட்டன. பின்னர் அரசாங்க இரசாயனப் பகுப்பாய்வுத் திணைக்களம் சோதித்துப் பார்த்து, அது வெறும் மாக்கட்டி என்று அறிவித்தது. ஒரு மொழி தெரியாதவர் சொன்ன ஒரு சொல்! பக்கத்தில் இரு மொழியும் அறிந்த ஒருவர் நின்று, "அண்ணே, இவர் உங்களைக் கேட்பது இது" என்று சொல்லியிருந்தால் அந்த இரவு எப்படி முடிந்திருக்கும்? அடுத்த வாரம் கண்டி மாவட்டத்தில் திகன முதலிய இடங்களிலே பெருங்கலவரம் மூண்டு, மார்ச் 6ஆம் திகதி அவசரகால நிலை பிரகடனஞ் செய்யப்பட்டது. மறுநாள் சமூக ஊடகங்கள் முடக்கப்பட்டன. அவ்வாண்டுக் கலவரங்களில் தன் தளத்துக்கிருந்த பங்கிற்காக 2020ஆம் ஆண்டு மே மாதத்தில் முகநூல் நிறுவனம் மன்னிப்புக் கேட்டது. மன்னிப்பு வந்து சேர இரண்டு வருஷம் சென்றது.

இது இனப்பகை உள்ள இடத்திலேதான் நடக்கும் என்று எண்ணிவிடாதீர்கள். இரண்டாவது நிகழ்ச்சி தமிழ்நாட்டிலே, தமிழர் தமிழர்க்கே செய்தது. அதே 2018ஆம் ஆண்டு மே மாதம், குழந்தை கடத்துவோர் ஊரிலே புகுந்திருக்கின்றார்கள் என்ற வதந்தி வாட்ஸ்அப் வழியாகப் பல மாவட்டங்களில் உலாவியது. அந்நாளிலே சென்னையிலிருந்து ஒரு குடும்பத்தார் தம் குலதெய்வ வழிபாட்டுக்காகத் திருவண்ணாமலை மாவட்டம் போளூருக்கு அருகிலுள்ள கிராமத்துக்குச் சென்றார்கள். வழியிலே கண்ட குழந்தைகளுக்கு அவர்களுடன் வந்த வயோதிபத் தாய் ஒருவர் இனிப்புக் கொடுத்தார். குழந்தைக்கு இனிப்புக் கொடுப்பது நம் பாட்டிமார் எல்லோருஞ் செய்வது. அதைக் கண்டு ஊரார் திரண்டு அடித்ததில் அந்தத் தாய் இறந்துபோனார். முகத்தைப் பார்த்தும் பாட்டியென்று தெரியாதபடி, கையிலிருந்த திரை அவர்கள் கண்ணை மறைத்துவிட்டது. இந்தியாவில் இவ்வாறு பல உயிர்கள் போன பின்னர், அவ்வாண்டு ஜூலை மாதத்தில் வாட்ஸ்அப் நிறுவனம், ஒரு செய்தியை ஒரே தடவையில் ஐந்து இடங்களுக்கு மேல் அனுப்ப முடியாதபடி அங்கே தடைவைத்தது. 2019 ஜனவரியில் அத்தடை உலகம் முழுவதற்கும் வந்தது.

மூன்றாவது நிகழ்ச்சியைத் தூரத்துச் செய்தியாக நான் சொல்லவில்லை. அது நிகழ்ந்த சிலாபம் பட்டினம் இங்கிருந்து நடந்துபோகும் தூரத்திலே இருக்கின்றது. 2019ஆம் ஆண்டு ஏப்ரல் 21ஆம் திகதி, உயிர்த்த ஞாயிறன்று, கொழும்பிலும் நீர்கொழும்பிலும் மட்டக்களப்பிலும் குண்டுகள் வெடித்து 250க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். மூன்று வாரங் கழித்து, மே 12ஆம் திகதி, ஞாயிற்றுக்கிழமை, சிலாபத்தில் கடை நடத்திய முஸ்லிம் ஒருவர் முகநூலிலே ஆங்கிலத்தில் எழுதியிருந்த ஒரு சிறு வரியை அடிப்படையாக வைத்துக் கூட்டம் கூடியது. அதிகம் சிரிக்கவேண்டாம், ஒருநாள் அழ நேரும் என்பதே அதன் பொருள். அவரது கடை தாக்கப்பட்டது. பள்ளிவாசல்களும் வேறு முஸ்லிம் கடைகளும் கல்லெறிக்கு இலக்காயின. எழுதியவர் கைதானார். ஊரடங்குச் சட்டம் வந்தது. மறுநாள் குருநாகல் மாவட்டத்து ஊர்களிலும் மினுவாங்கொடையிலும் தீ பரவியது. நாடு முழுவதும் இரவு ஊரடங்கு விதிக்கப்பட்டது. சமூக ஊடகங்கள் மறுபடியும் முடக்கப்பட்டன. நம் புத்தளம் மாவட்டத்துக் கொட்டாரமுல்லையிலே தச்சுத்தொழில் செய்துவந்த ஒரு மனிதர் தாக்கப்பட்டு உயிரிழந்தார். சிலாபத்தில் எழுதப்பட்ட அந்த வரிக்கும் அவருக்கும் யாதொரு தொடர்பும் இல்லை.

அன்பர்களே, அந்த வரியைச் சற்றே எண்ணிப் பாருங்கள். கூடிச் சிரிக்கும் பிள்ளைகளைப் பார்த்து, "கனக்கச் சிரியாதே, பிறகு அழுவாய்" என்று நம் வீட்டுக் கிழவிமார் சொல்லாத நாளுண்டா? பாட்டி சொல்லும்போது அது கண்டிப்பு, பாதி செல்லம். மூன்று வாரத்துக்கு முன் தம்மைச் சேர்ந்தவர்களைப் புதைத்த மக்கள் காதிலே அது மிரட்டலாக விழுந்தது. அவர்களுடைய அச்சத்தை நாம் இகழலாகாது. துக்கத்தில் இருப்பவன் காது அப்படித்தான் கேட்கும். எழுதியவர் என்ன மனத்தோடு எழுதினார் என்பதை அறிய ஒரு வழி இருந்தது: அவரிடம் போய்க் கேட்பது. அவர் மறைந்து வாழ்ந்தவரல்லர், கடை வைத்திருந்தவர். வாசிக்கக் கிடைத்தது வரி மட்டுமே. குரல் கிடைக்கவில்லை, முகம் கிடைக்கவில்லை, அவர் யாருக்கு விடையாக அதை எழுதினார் என்பதும் கூட்டத்துக்குக் கிடைக்கவில்லை. சொல்லை அதன் சொந்தக்காரனிடமிருந்து பிரித்தெடுத்து ஆயிரம் பேர் கையிற் கொடுத்தால், ஒவ்வொருவரும் தத்தம் மனத்திலுள்ளதையே அதற்குப் பொருளாக வைக்கின்றார்கள்.

வள்ளுவர் சொல்வன்மையை அமைச்சர்க்குரிய பகுதியிலே வைத்தார். இனியவை கூறல், புறங்கூறாமை, பயனில சொல்லாமை என்னும் மூன்று அதிகாரங்களையோ இல்லறவியலிலே வைத்தார். நன்றாகப் பேசுவது அரசவைக்கு வேண்டியது. நாவை அடக்குவது அடுப்பங்கரைக்கும் வேண்டியது என்பது இதனாற் புலனாகின்றது. முன்னர் ஊருக்கு ஒரு பத்திரிகை நிருபர் இருந்தார். அவர் எழுதியதைத் திருத்த ஓர் ஆசிரியர் இருந்தார். இன்று கைத்தொலைபேசி வைத்திருக்கும் ஒவ்வொருவரும் நிருபராகவும், ஆசிரியராகவும், அச்சுக்கூடமாகவும் இருக்கின்றோம். பொறுப்பும் அந்த மூவருடையதும் சேர்ந்தே நம் தலையில் விழுந்திருக்கின்றது.

ஆகவே நம் வாலிபர்களுக்கு நான் சொல்ல விரும்புவன சில. முதலாவது, கண்ணாற் காண்பதும் பொய், காதாற் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்ற பழமொழி இக்காலத்துக்கென்றே பிறந்ததுபோல் இருக்கின்றது. ஒருவர் பேசாததைப் பேசியதாகக் குரலையும், செய்யாததைச் செய்ததாகப் படத்தையும் யந்திரமே செய்துதரும் காலமிது. வந்த செய்தியை அடுத்தவர்க்கு அனுப்புமுன், அதில் ஊர் உண்டா, நாள் உண்டா, சொன்னவர் பெயர் உண்டா என்று பாருங்கள். இல்லையேல் அது உங்கள் கையிலேயே நிற்கட்டும். நிறுவனம் வைத்த தடை ஐந்து இடங்களோடு நிற்கும். உங்கள் பெருவிரல் வைக்கும் தடை ஒருவரோடும் நின்றுவிடும்.

இரண்டாவது, இந்த ஊர் வாலிபர்க்கு மட்டுமே உரிய ஒரு பணி இருக்கின்றது. கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் பலர்க்கு இல்லாத செல்வம் உங்களுக்கு உண்டு. நீங்கள் இரு மொழியும் அறிவீர்கள். தமிழிலே உலாவும் வசையையும், சிங்களத்திலே உலாவும் வசையையும் நீங்கள் இருபுறமும் வாசிக்க முடியும். அம்பாறையில் அன்று இல்லாதிருந்த ஆள் நீங்கள்தான். அச்செல்வத்தை வேடிக்கை பார்ப்பதற்குச் செலவிடாதீர்கள். இச்சங்கத்தின் முன் ஒரு யோசனையை வைக்கின்றேன். நம் அங்கத்தவரில் ஐந்தாறு பேர் முன்வந்து, அயலிலுள்ள விகாரை, தேவாலயம், பள்ளிவாசல் ஆகியவற்றின் வாலிபர் சிலருடன் அறிமுகங்கொண்டு, அவர்கள் இலக்கங்களைக் கையில் வைத்திருக்கவேண்டும். ஒரு வதந்தி வந்தால் அரைமணி நேரத்துக்குள் ஒருவரையொருவர் அழைத்து, இது மெய்யா என்று கேட்டு, வந்த விடையை இரு மொழியிலும் வெளியிடவேண்டும். இதற்குக் கட்டடம் வேண்டாம், நிதி வேண்டாம். குழப்பம் வருமுன்னரே பழகிக்கொண்ட முகங்கள் போதும். 2024ஆம் ஆண்டிலே நிகழ்நிலைக் காப்புச் சட்டம் என ஒன்று நிறைவேறியது. ஆனால் சட்டம் பொலிஸாரோடு வருவது. பெரும்பாலும் காரியம் நடந்த பின்னரே வரும். அயலான் முன்னரே வரலாம்.

பெரியோர்களுக்கும் ஒரு வார்த்தை. வதந்தி பரப்புவது வாலிபர் மட்டுமே என்று எண்ணவேண்டாம். நீரிழிவை மூன்று நாளில் மாற்றும் இலையைப்பற்றியும், நாளை உலகம் இருளில் மூழ்கும் என்பதைப்பற்றியும் நமக்கு வந்து சேரும் செய்திகளிற் பல, காலை வணக்கப் படத்தோடு வயதில் மூத்தோரிடமிருந்தே வருகின்றன. இன்னொன்றும் உண்டு. ஒரு பெண்பிள்ளையின் படத்தை எவனாவது கைப்பற்றி மிரட்டினால், அவள் முதலில் அஞ்சுவது அவனுக்கன்று, வீட்டாருக்கே. "நீ ஏன் படம் எடுத்தாய்?" என்ற கேள்வியை அன்றைக்கு விட்டுவிடுங்கள். "பயப்படாதே, நாங்கள் இருக்கின்றோம்" என்று சொல்லுங்கள். சிறுவர்க்காகத் தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் 1929 என்ற இலக்கமும், பெண்களுக்காக 1938 என்ற இலக்கமும் இருக்கின்றன. ஆனால் அவற்றை அழைக்கும் துணிவு, வீட்டில் ஒருவர் அருகில் இருந்தாலே வரும்.

வீட்டைப் பற்றியும் ஒன்று சொல்லி முடிக்கின்றேன். வெளிநாட்டிலிருக்கும் தாயோ தகப்பனோ அழைக்கும் அந்தக் கால்மணி நேரத்தை அவர்களுக்கே கொடுங்கள். கையைக் காட்டச் சொல்லுங்கள். "நீங்கள் சாப்பிட்டீர்களா, அம்மா?" என்று நீங்கள் கேளுங்கள். ஆயிரங்காதம் கடந்து வரும் முகத்தை மதிக்கப் பழகியவன், வேலிக்கு அப்பாலிருக்கும் முகத்தையும் மதிப்பான். தூரத்தை அயலாக்கிய இக்கருவி நம் அயலைத் தூரமாக்காதபடி காப்பது நம் கையில் இருக்கின்றது.